தட்டான் உட்கார்ந்த பதினோரு விநாடி

மொழிமாற்று வசனம் எழுத வந்திருக்கும் உங்களில் சிலர் என்னிடம் 'டிப்ஸ்' கேட்டிருந்தீர்கள். உதடு ஒட்டுகிற இடத்தில் எந்த எழுத்தைப் போடுவது, கொட்டாவிக்கு என்ன எழுதுவது, ஜப்பான்காரர் ஒரு 'ம்' சொன்னால் நாம் எத்தனை 'ம்' போடலாம் என்பதெல்லாம் இப்போது என்னைவிட உங்களுக்கு நன்றாகத் தெரியும். அதற்கெல்லாம் மென்பொருள் வந்துவிட்டது. மென்பொருளுக்குத் தெரியாத ஒன்று என்னிடம் இருக்கிறது. அது நான் செய்த தப்பு. இருபத்திரண்டு வருடம் இந்த வேலையில் இருந்தவன் நான். வெட்கப்படும்படி நிறையச் செய்திருக்கிறேன். பாதியை நினைத்துச் சிரித்துக்கொள்ளலாம். ஒன்றை மட்டும் என்னால் சிரித்துக் கழிக்க முடியவில்லை. அதைத்தான் சொல்லப்போகிறேன்.

நான் வந்தது கட்சி மேடையிலிருந்து. தஞ்சைப் பக்கம் அப்போது வாரத்துக்கு ஒரு பொதுக்கூட்டம் நடக்கும். ஆளுங்கட்சி, எதிர்க்கட்சி, அவற்றிலிருந்து பிரிந்த கட்சி என்று யார் கேட்டாலும் வரவேற்புரை, வாழ்த்துமடல், தட்டிவாசகம் எழுதிக் கொடுப்பேன். கொள்கை அவர்களுடையது, எதுகை மோனை என்னுடையது. கால்நடை மருந்தகம் திறப்பதற்குக்கூட அடுக்குமொழி கேட்ட காலம். அந்த மேடையில் பேசுகிறவர் இரண்டு நொடி நிறுத்தினால் மைக் போய்விட்டது என்று பின்னாலிருந்து ஆள் ஓடிவருவார். பேச்சு நின்றால் ஏதோ பழுது என்றுதான் நான் கற்றுக்கொண்டிருந்தேன்.

தஞ்சாவூர் கீழவாசலில் ஒரு மின்சாதனக் கடையின் மாடியில் எங்கள் ஒலிப்பதிவுக்கூடம் இருந்தது. கூடம் என்று சொல்வது ஒரு மரியாதைக்குத்தான். சுவரெல்லாம் முட்டை அட்டையும் கோணியும் ஒட்டிய ஓர் அறை, கண்ணாடிக்கு இந்தப் பக்கம் இன்னோர் அறை. நடத்தியவர் முத்துப்பேட்டை சாகுல் பாய். அவருடைய அண்ணன் தம்பிகள் வளைகுடாவில் இருந்தார்கள். ஆளுக்கொரு கருவியாக அனுப்பிவைத்ததில் இவருக்கு ஒரு தொழிலே அமைந்துவிட்டது. பக்திப் பாட்டு, கட்சிப் பாட்டு, தேர்தல் ஆட்டோவுக்கு அறிவிப்பு என்று ஓடிக்கொண்டிருந்த இடத்துக்கு, சென்னையில் ஒரு கம்பெனி தனக்கு மிஞ்சிப்போன வேலையை அனுப்பியது. இருபத்தாறு பாகம் கொண்ட ஒரு ஜப்பான் கார்ட்டூன் தொடர்.

"கவிஞரே, பொம்மைதானே? பேசவெச்சுரலாம்" என்றார் பாய். என்னை அவர் அப்படித்தான் கூப்பிடுவார். பாதி மரியாதை, பாதி கிண்டல்.

முதல் வாரமே வழுக்கினேன். கதையில் ஒரு பையன் மரப்பட்டையிலிருந்து எதையோ எடுத்து உள்ளங்கையில் வைத்துப் பார்க்கிறான். பழுப்பு நிறம், ஆறு கால், உள்ளே ஒன்றுமில்லை. ஆங்கிலப் பிரதியில் ஏதோ பூச்சியின் பெயர் இருந்தது. அகராதியைத் திறக்கச் சோம்பல்பட்டுக் கரப்பான் என்று எழுதிவிட்டேன். அம்மா விட்டுப்போன வீட்டு வாசலில் நின்றுகொண்டு, கண் கலங்க, "இந்தக் கரப்பான் எங்கே போயிருக்கும்?" என்று அவன் தமிழில் கேட்டான். உண்மையில் அது சில்வண்டு கழற்றிப்போட்ட கூடு. உள்ளே இருந்தது பறந்துவிட்டது, கூடு மட்டும் அவன் எடுக்கிறவரை மரத்தைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டிருந்தது. அவன் அம்மாவை நினைக்கிறான் என்று யாரும் அவனுக்கு எழுதித்தர வேண்டியதில்லை.

பாயும் தம் பங்குக்குச் செய்தார். அதே காட்சியில் சில்வண்டுச் சத்தம் காது கிழிய வந்துகொண்டிருந்து சட்டென்று நிற்கும். நாடா பழுது என்று நினைத்த பாய், முன்னாலிருந்த சத்தத்தை வெட்டி எடுத்து அந்த இடைவெளியில் ஒட்டிவிட்டார். அம்மா இனி வரமாட்டாள் என்று பையனுக்கு உறைக்கிற நொடி அது. அவன் மனசு நின்றதால்தான் சத்தமும் நின்றிருக்கிறது. நாங்கள் அதை விடாமல் கத்தவைத்தோம்.

இவை சிரிக்கலாம் என்று நான் சொன்ன வகை. அடுத்தது அந்த வகை இல்லை.

நம் தொழிலில் ஒரு பழக்கம் உண்டு. உங்கள் காலத்திலும் போகவில்லை என்று கேள்விப்படுகிறேன். பாத்திரம் முகத்தைக் காட்டிப் பேசினால் நாம் வாயசைவுக்குள் அடங்கியாக வேண்டும். முதுகைக் காட்டிவிட்டால் நமக்கு விடுதலை. வாய்தான் தெரியவில்லையே, என்ன வேண்டுமானாலும் பேசவைக்கலாம். முந்தின காட்சியில் இடம் போதாமல் விட்டதை அங்கே திணிக்கலாம், ஒரு நகைச்சுவை வைக்கலாம், கொஞ்சம் தத்துவம் தூவலாம். பாய் நாடாவை ஓட்டிப் பார்த்துக்கொண்டே, "முதுகு வருது கவிஞரே!" என்று குரல் கொடுப்பார். நான் பேனா மூடியைத் திறப்பேன். முதுகுக்கு எழுதுவதில் கெட்டிக்காரன் என்று சென்னைவரை எனக்குப் பெயர் இருந்தது.

இப்போது அமுதாவைச் சொல்ல வேண்டும். ஊர் திருத்துறைப்பூண்டிக்குத் தெற்கே, கடல்காற்று வீசும் தூரம். தேர்தல் ஆட்டோ அறிவிப்புக்குப் பேச வந்தவள். இருபத்தாறு வயதில் பத்து வயதுச் சிறுமியாகவும் பேசுவாள், பல்லுப்போன கிழவியாகவும் பேசுவாள். பாய் அவளைக் கதாநாயகிக்குப் போட்டார். கதாநாயகி பெயர் யூமி. வாரத்தில் மூன்று நாள் விடிந்ததும் பஸ் ஏறி மன்னார்குடி வழியாக வந்து, பேசி முடித்து, மாலை பஸ்ஸில் திரும்புவாள்.

அமுதாவின் அப்பா கோவிந்தன் பண்ணையாளாக இருந்தவர். கூலிப் போராட்டத்தில் செங்கொடி பிடித்து அடிவாங்கியவர். நில உச்சவரம்புச் சட்டத்தில் பண்ணையின் மிச்ச நிலத்தைப் பிரித்தபோது அவருக்கு ஒன்பது மா, அதாவது மூன்று ஏக்கர், பட்டாவோடு கிடைத்தது. பட்டா கிடைத்ததே தவிர வயலில் இறங்க முடியவில்லை. ஏர் கட்டிக்கொண்டு போனபோது பண்ணையின் ஆட்கள் வரப்பில் நின்றார்கள், கலப்பையை உடைத்தார்கள். மூன்றாவது வருடம்தான் முதல் நடவு. நடவு முடிந்த அன்றைக்கு அப்பா சாப்பிட வீட்டுக்கு வராமல் வரப்பிலேயே உட்கார்ந்திருந்தார் என்று அமுதா சொல்லியிருக்கிறாள். அவரை நான் ஒரே ஒரு தடவைதான் பார்த்திருக்கிறேன். பேசவே மாட்டார்.

நான் சொல்கிற வருடங்களில் கடலோரமாக இறால் பண்ணைகள் வந்துகொண்டிருந்தன. வயலை வாங்குவார்கள், குளமாக வெட்டுவார்கள், கடல்நீரை ஏற்றி இறால் வளர்ப்பார்கள். காவிரியும் சரியாக வராத காலம் என்பதால் பலர் வந்த விலைக்கு விற்றார்கள். இறாலெல்லாம் ஜப்பானுக்குத்தான் போகிறது என்று ஊரில் பேச்சு. ஒருநாள் டீ குடிக்கும்போது அமுதா கேட்டாள்.

"நம்ம ஊரு இறால் அங்க போவுது. அவங்க ஊரு பொம்மை இங்க வருது. இதுல யாருண்ணே ஏமாளி?"

பாய்க்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறிவிட்டது. நானும் சிரித்தேன். அவளுடைய வயலைச் சுற்றி மூன்று பக்கமும் அப்போதே குளம் வெட்டியாகிவிட்டது என்று எனக்குத் தெரியாது, நான் கேட்கவுமில்லை.

நான்காவது பாகம் ஒலிப்பதிவு செய்த நாள். மாலை ஐந்தரை பஸ்ஸில் நாடா சென்னைக்குப் போயாக வேண்டும். காலையிலிருந்து இரண்டு தடவை மின்சாரம் போய் வந்ததில், மூன்று மணி ஆகியும் கடைசிக் காட்சி பாக்கி. யூமியின் ஊரை இடித்துவிட்டு ஒரு பிரபு கோட்டை கட்டப்போகிறான். ஊர்ச்சனம் மூட்டை முடிச்சோடு கிளம்பிவிட்டது. யூமி மட்டும் நமக்கு முதுகைக் காட்டியபடி, அறுத்து முடித்த வயலின் வரப்பில் ஒரு கழியை ஊன்றிக்கொண்டு நிற்கிறாள். ஒரு சிவப்புத் தட்டான் வருகிறது. அவளை ஒருமுறை சுற்றுகிறது. கழியின் நுனியில் உட்காருகிறது. அவ்வளவுதான் காட்சி. பதினோரு விநாடி. பிரதியில் அந்த இடத்தில் 'மௌனம்' என்று ஒரே ஒரு சொல் இருந்தது.

"முதுகு வருது கவிஞரே!"

எனக்கு யோசிக்கவே வேண்டியிருக்கவில்லை. தட்டான் தாழப் பறந்தால் மழை வரும். எங்கள் மாவட்டத்தில் பிறந்த எவனும் அதைத்தான் எழுதியிருப்பான். அதுவும் ஆறு வறண்டு, வானத்தைப் பார்த்துக் கழுத்து வலித்த வருடம். 'தட்டான் தாழப் பறக்குது, தாகம் தீர மழை வருது! மண்ணும் நனையட்டும், மனசும் நனையட்டும்!' என்று எழுதி, எண்ணிப் பார்த்தேன். பதினோரு விநாடிக்குக் கச்சிதம். மோனை வேறு வந்திருந்தது.

அமுதா தாளை வாங்கிப் படித்தாள். காதில் மாட்டியிருந்த ஹெட்போனைக் கழற்றினாள்.

"அண்ணே, இந்த இடத்துல அவ பேசமாட்டாண்ணே."

"ஏன் பேசமாட்டா?"

"தட்டான் வந்து உக்காருதில்ல? அவ அசைஞ்சா அது பறந்துரும். எல்லாரும் போறாங்க. இவ போகல. போகமாட்டா. அதுக்குத்தான் அது வந்து உக்காருது."

"தட்டான் தாழப் பறந்தா மழை. உங்க ஊர்ல பறக்காதா?"

"பறக்கும்ணே. மழைக்குன்னா அது கூட்டமால்ல பறக்கும்? இது ஒண்ணே ஒண்ணு. பறக்கவும் இல்ல, உக்காந்துடுச்சு."

வயலைப் பார்த்து வளர்ந்த கண் அது. நானும் அதே வயல்களைப் பார்த்து வளர்ந்தவன்தான். மேடைக்குப் போனபிறகு பார்ப்பதை நிறுத்தியிருந்தேன். அவள் சொன்னது எனக்கு உறைக்கத்தான் செய்தது, தம்பிகளே. உறைக்கவில்லை என்று சொல்லித் தப்பித்துக்கொள்ள மாட்டேன். ஆனால் கடிகாரத்தைப் பார்த்தேன், மூன்றேகால்.

"பதினோரு விநாடி சும்மா இருந்தா டிவி கெட்டுப்போச்சுன்னு தலையில தட்டுவாங்கம்மா. பேசு."

பேசினாள். குழந்தைத்தனமும் ஆசையுமாக, கேட்கிறவன் வாசலில் போய் வானத்தைப் பார்க்கிற மாதிரிப் பேசினாள். பாய் ஒரே தடவையில் சரி சொல்லிவிட்டார்.

பாய் சத்தங்களை ஏற்றி இறக்கிச் சரிபார்த்துக்கொண்டிருந்தபோது, அமுதா தன் பையிலிருந்து ஒரு அரசாங்கத் தாளை எடுத்து என்னிடம் நீட்டினாள். அவர்கள் வயலின் ஓரமாக இருக்கும் புறம்போக்கில் இறால் பண்ணைக்கு உப்புநீர் வாய்க்கால் வெட்ட அனுமதி கேட்டிருக்கிறார்கள்; ஆட்சேபணை உள்ளவர்கள் எழுத்தில் கொடுக்கலாம். மறுநாள்தான் கடைசி நாள்.

"மத்தவங்கல்லாம் வித்துட்டாங்கண்ணே. இப்ப நாங்க மட்டுந்தான். நாங்க வேண்டாம்னா வாய்க்கால் வெட்ட முடியாதுன்னு கிராம அலுவலரே சொல்றாரு. அப்பா உங்ககிட்ட எழுதி வாங்கிட்டு வரச்சொன்னாரு."

"என்ன எழுதணும்?"

"அப்பா சொன்னத அப்படியே எழுதுங்கண்ணே. 'ஒரு அடி பின்னால வைக்கமாட்டோம். உப்புத்தண்ணி வரக்கூடாது.' அவ்வளவுதான்."

எனக்குச் சிரிப்பு வந்தது. இரண்டே வரியில் மனுவா? மேடைக்கு எழுதிய கை அது, சும்மா இருக்குமா? 'மேன்மைமிகு ஐயா' என்று ஆரம்பித்து இரண்டு பக்கம் எழுதினேன். உழவின் பெருமை, உழைப்பின் அருமை எல்லாம் வந்தன. அதோடு நிறுத்தியிருந்தால் பாவம் கொஞ்சம் குறைந்திருக்கும். இவர்கள் வீம்புக்கு நிற்பவர்கள் என்று அதிகாரி நினைத்துவிடக்கூடாது, விட்டுக்கொடுக்கத் தெரிந்தவர்கள் என்று காட்ட வேண்டும் என்று நானாகவே முடிவு செய்தேன். கடைசியில் இப்படி முடித்தேன்: 'தக்க இழப்பீடும் மாற்று நிலமும் கிடைக்கப்பெறாத நிலையில், மேற்படி வாய்க்காலுக்கு இசைவு தெரிவிக்க இயலாதவர்களாக இருக்கிறோம்.'

அமுதா இரண்டு தடவை படித்தாள்.

"இழப்பீடு நாங்க கேக்கலையேண்ணே."

"அது ஆபீஸ் பாஷைம்மா. சும்மா மாட்டோம் மாட்டோம்னு எழுதுனா குப்பையில போட்டுருவாங்க. அர்த்தம் ஒண்ணுதான்."

"ஒண்ணுதானா?"

"ஒண்ணுதாம்மா. பஸ்ஸுக்கு நேரமாகல உனக்கு?"

தாளை நான்காக மடித்துப் பையில் வைத்துக்கொண்டு போனாள். ஒரே மாலையில் ஒரே கேள்வியை இரண்டு விதமாக அந்தப் பெண் என்னிடம் கேட்டிருக்கிறாள். இரண்டுக்கும் நான் கடிகாரத்தைத்தான் காட்டியிருக்கிறேன். எங்கள் நாடா ஐந்தரை பஸ்ஸைப் பிடித்துவிட்டது. நான் கடைத்தெருவில் அல்வா வாங்கிச் சாப்பிட்டது நன்றாக ஞாபகம் இருக்கிறது.

மூன்று வாரம் கழித்து விசாரணை. கூட வரமுடியுமா என்று அமுதா கேட்டாள். எனக்கு ஒரு வாழ்த்துமடல் வேலை இருந்தது, போகவில்லை. நடந்ததை அவள்தான் வந்து சொன்னாள். அதிகாரி நல்லவராகத்தான் இருந்திருக்கிறார். உட்காரச் சொல்லி, மனுவைப் படித்துவிட்டு, "என்ன விலை எதிர்பார்க்கிறீங்க?" என்று கேட்டிருக்கிறார்.

"விலை கேக்கலைங்க. வாய்க்காலே வேண்டாங்க" என்று இவள் சொல்லியிருக்கிறாள்.

"உங்க மனுவிலேயே இருக்கேம்மா. உங்கப்பா கையெழுத்துதானே இது?"

அப்பா தன் கையெழுத்தைப் பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறார். 'மனுதாரரின் ஆட்சேபணை இழப்பீடு குறித்தது மட்டுமே' என்று பதிவாகி, ஒரு தொகையும் குறிக்கப்பட்டு, அனுமதி கொடுக்கப்பட்டுவிட்டது. பதறிப்போய் மேலிடத்துக்கு இன்னொரு மனு எழுதினேன். இந்தத் தடவை இரண்டே வரி. ஏற்கனவே தீர்வு கண்ட பொருள் என்று பதில் வந்தது.

ஐப்பசியில் வாய்க்காலில் கடல்நீர் ஓடியது. நட்ட சம்பா பச்சை பிடிக்கவில்லை. நுனி கருகி, மண்ணில் வெள்ளையாக உப்புப் பூத்தது. "இந்த வருஷம் வயல்ல ஒரு தட்டான்கூட இல்லண்ணே" என்று அமுதா ஏதோ பேச்சின் நடுவே சொன்னாள். என்னைக் குத்திக்காட்டச் சொல்லவில்லை. மழை இல்லை என்று சொல்வதுபோலத்தான் சொன்னாள். தை பிறந்ததும் அவள் அப்பா ஒன்பது மாவையும் அதே கம்பெனிக்கு எழுதிக்கொடுத்தார். அந்த மனுவை நான் ஒழுங்காக எழுதியிருந்தாலும் அவர்கள் வேறு வழி தேடியிருக்கலாம். எனக்குத் தெரியாது. குறுக்கே நின்றது ஒரே ஒரு தாள், அதை வளைத்துக் கொடுத்தது நான் என்பது மட்டும் எனக்குத் தெரியும்.

அமுதா இத்தனைக்கும் நடுவில் வாரம் மூன்று நாள் வந்து யூமிக்குப் பேசிக்கொண்டுதான் இருந்தாள். பாய் ஒருமுறை என்னைத் தனியாக அழைத்து, "கவிஞரே, அந்தப் புள்ள ஒரு வார்த்த கேக்கலையே உங்கள" என்றார். திட்டியிருந்தால் எனக்கு எவ்வளவோ தேவலாம் என்று அவரிடம் சொன்னேன். "உங்களுக்குத் தேவலாம்தான்" என்றார் பாய்.

கடைசிப் பாகத்தின் பிரதி வந்தபோதுதான் என்னுடைய இன்னொரு தப்பு வெளிப்பட்டது. அதில் அந்தப் பிரபு யூமியைப் பார்த்துக் கேட்கிறான், எல்லோரும் போனபோது நீ மட்டும் ஏன் போகவில்லை என்று. தட்டான் வந்து உட்கார்ந்த அன்றைக்கே முடிவு செய்துவிட்டேன் என்கிறாள் யூமி. கதையே அந்தப் பதிலில்தான் நிற்கிறது. எங்கள் யூமியோ அன்றைக்கு மழைக்குக் காத்திருந்தவள். சென்னையிலிருந்து கம்பெனி அம்மா ஒருவர் தொலைபேசியில், "உங்க தட்டானுக்கும் இந்தத் தட்டானுக்கும் என்ன சார் சம்பந்தம்?" என்று கேட்டார். பார்த்துச் சொல்கிறேன் என்று போனை வைத்தேன்.

அன்றைக்கே நூலகத்துக்குப் போனேன். அவமானம் பிடித்துத் தள்ளியதால் படித்தவன் நான். ஜப்பான் ஓவியங்கள் பற்றிப் பழைய புத்தகம் ஒன்று இருந்தது. அதை யாரும் தொட்டதாகத் தெரியவில்லை. அதில் ஒரு போர்வீரனின் தலைக்கவசத்தின் உச்சியில் தட்டான் உட்கார்ந்திருந்தது. கத்தியின் கைப்பிடியில் தட்டான், அம்புக்கூட்டின் துணியில் தட்டான். அது முன்னால் மட்டுமே பறக்கும், பின்வாங்கிப் பறக்காது என்பது அவர்கள் நம்பிக்கையாம். அதனால் போருக்குப் போகிறவன் அதை வெற்றிப் பூச்சி என்று சூடிக்கொள்வானாம். ஒரு புத்தகமும் படிக்காமல் அமுதா சொன்னதுதான் அங்கே படத்தோடு அச்சாகியிருந்தது.

பிறகுதான் என் 'பூச்சி நோட்டு' பிறந்தது. உங்களில் சிலர் அதை நகலெடுத்து வைத்திருக்கிறீர்கள். திரைச்சீலையிலும் விசிறியிலும் பல நூறு வருடமாக வரைந்த பூச்சிகளைத்தான் இன்றைக்குக் கார்ட்டூன்காரர்களும் வரைகிறார்கள். மின்மினி வந்தால் செத்தவர்களின் நினைப்பு, அல்லது நிலைக்காத ஆசை. வண்ணத்துப்பூச்சி உயிருக்கு அடையாளம். படுத்திருப்பவனின் மேலாக அது பறந்தால் அந்தக் காட்சியில் நகைச்சுவை வைக்காதீர்கள். கும்பிடுபூச்சியை உற்றுப் பார்க்கிறவன் தன்னைவிடப் பெரியவனோடு மோதப்போகிறான். கூண்டில் கீச்சிடும் பூச்சியை வைத்துக் கேட்டுக்கொண்டிருக்கிறவளுக்கு வீட்டில் பேச ஆள் இல்லை. அந்தப் பாத்திரங்கள் தம் மனசை வாயால் சொல்வதில்லை. பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் பூச்சி சொல்கிறது. திரையில் ஒரு பூச்சி வந்தால் பேனாவைக் கீழே வையுங்கள். முதுகு வந்தாலும் வையுங்கள். பேசுகிறவர் பக்கத்தில் நின்று 'இங்கே பேசமாட்டாள்' என்று சொன்னால், கடிகாரம் என்ன காட்டினாலும் ஏன் என்று கேளுங்கள், பதிலையும் முழுசாகக் கேளுங்கள். நோட்டில் முப்பது பூச்சி இருக்கிறது. அமுதாவிடம் ஒரு தட்டானைப் பற்றி அன்றைக்குக் கேட்டிருந்தால் போதும்.

கடைசிப் பாகம் ஒலிப்பதிவு. நிலத்தை எழுதிக்கொடுத்து மூன்று வாரம் ஆகியிருந்தது. நான்காவது பாகம் ஒளிபரப்பாகிவிட்டதால் அதைத் திருத்த வழியில்லை. பாய் ஒரு யோசனை சொன்னார்.

"மழைன்னே வெச்சு முடிச்சுரலாம் கவிஞரே. 'மழை வந்த அன்னைக்கே முடிவு பண்ணிட்டேன்'னு. யாரு நாலாவது பாகத்த ஞாபகம் வெச்சிருக்கப்போறா?"

என் தப்பு முழுசாக மறைந்துவிடும். யாருக்கும் தெரியாது. பேனாவைத் திறந்தும் விட்டேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அமுதா எங்களுக்கு முதுகைக் காட்டித் திரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். திரையில் யூமியின் முகம், வாய் திறக்கப்போகிற நேரத்தில் நிறுத்தி வைக்கப்பட்டிருந்தது. நான் எழுந்து உள்ளே போய், வெற்றுத்தாளை அவள் முன்னால் இருந்த பலகையில் வைத்தேன்.

"ஒண்ணும் எழுதலம்மா. அவ என்ன சொல்லுவாளோ நீயே சொல்லு."

அவள் தாளைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். எனக்கு ஏதாவது பேச வேண்டும்போல் நாக்கு துடித்தது. மன்னிப்புக் கேட்கலாம், விளக்கம் சொல்லலாம். பல்லைக் கடித்துக்கொண்டு வெளியே வந்து கதவைச் சாத்தினேன்.

பாய் நாடாவை ஓட்டினார். பிரபு கேட்டான், நீ மட்டும் ஏன் போகவில்லை என்று. யூமி நிமிர்ந்து பார்த்தாள். குழந்தைக் குரல் இல்லை, கிழவிக் குரல் இல்லை, அமுதாவின் சொந்தக் குரலில் வந்தது.

"தட்டான் வந்து உக்காந்த அன்னைக்கே முடிவு பண்ணிட்டேன். ஒரு அடி பின்னால வைக்கமாட்டேன்."

வாயசைவில் ஒரு நூல் பிசகவில்லை. பாய் என் பக்கம் திரும்பி, "எப்படி கவிஞரே இப்படி உக்காந்துச்சு?" என்றார். எப்படி என்று எனக்குத் தெரியும். அந்த வாக்கியம் ஆறு மாதத்துக்கு முன்னால் எனக்குச் சொல்லப்பட்டது.

அமுதா வெளியே வந்து பையை எடுத்துத் தோளில் மாட்டினாள். நேரமிருக்கிறதா என்று சுவர்க்கடிகாரத்தைப் பார்த்தாள். வாசல்வரை போனவள் நின்று, கோபமில்லாமல், வேலையைப் பற்றிப் பேசுகிற அதே குரலில் சொன்னாள்.

"இதையே மனுவிலயும் எழுதியிருக்கலாம்ணே."